இரவல் குரலுக்கு முகம் கொடுத்தவர்: மஞ்சிந்தர் விர்க்கும் ‘தி ஆர்பர்’ படமும்

‘தி ஆர்பர்’ தொடங்கும்போதே திரையில் ஓர் அறிவிப்பு வருகிறது. உண்மையான மனிதர்களிடம் பேட்டி எடுத்து ஒலிப்பதிவு செய்தோம், அந்தக் குரல்களுக்கு நடிகர்கள் வாயசைக்கிறார்கள் என்று சொல்லிவிடுகிறார்கள். ஒளிவுமறைவு எதுவும் இல்லை. அப்புறம் ஒரு பெண் நம்மைப் பார்த்துப் பேசத் தொடங்குகிறாள். முகம் மஞ்சிந்தர் விர்க் என்ற நடிகையுடையது. குரல் ஆண்ட்ரியா டன்பர் என்ற நாடகாசிரியரின் மூத்த மகளுடையது. படத்தின் 94 நிமிடங்களில் விர்க் வரும் காட்சிகள் எல்லாவற்றிலும் அவருடைய சொந்தக் குரல் ஒரு சொல்லுக்குக்கூட இல்லை.

ஒரு நடிகையிடமிருந்து குரலை எடுத்துவிட்டால் மிச்சம் என்ன இருக்கும்? 2010-இல் வெளிவந்த இந்த பிரிட்டிஷ் ஆவணப்படத்தை நான்கு முறை பார்த்துவிட்டேன். ஒவ்வொரு முறையும் இந்தக் கேள்விக்காகத்தான் திரும்பப் போனேன். சோதனை ஆவணப்படங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இயக்குநரைப் பற்றியே எழுதுகிறார்கள். இந்த ஆய்வில் நான் நடிகையின் பக்கம் நின்று பார்க்க விரும்புகிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்த மகளின் பெயரும் அவர் குடும்பத்தில் உயிரோடு இருப்பவர்களின் பெயர்களும் படத்தில் இருக்கின்றன. நான் இங்கே எழுதவில்லை. மூத்த மகள், இளைய மகள் என்றே குறிப்பிடுகிறேன். அவர்கள் வாழ்க்கையை ஏற்கெனவே போதுமான பேர் எடுத்துப் பேசியாகிவிட்டது.

பட்டர்ஷாவின் கதை

வடக்கு இங்கிலாந்தில் பிராட்ஃபோர்ட் நகரத்தின் ஓரத்தில் இருக்கிறது பட்டர்ஷா குடியிருப்பு. நகராட்சி கட்டிக் கொடுத்த வீடுகள். அங்கே ஒரு தெருவின் பெயர் பிராஃபர்டன் ஆர்பர். 1961-இல் பிறந்த ஆண்ட்ரியா டன்பர் வளர்ந்த தெரு அது. பள்ளியில் படிக்கும்போது, 15 வயதில், தன் தெருவில் கேட்ட பேச்சை அப்படியே வைத்து ஒரு நாடகம் எழுதத் தொடங்கினார். குடிகார அப்பா, பள்ளி வயதில் கர்ப்பமான பெண், ஓயாத சண்டை. லண்டனின் ராயல் கோர்ட் அரங்கில் மாக்ஸ் ஸ்டாஃபோர்ட்-கிளார்க் இயக்கத்தில் 1980-இல் அது மேடையேறியது. நாடகத்தின் பெயரும் ‘தி ஆர்பர்’தான். அடுத்து 1982-இல் எழுதிய நாடகம் 1987-இல் ஆலன் கிளார்க் இயக்கத்தில் சினிமாவாகவும் வந்தது. மூன்று நாடகங்கள், மூன்று குழந்தைகள். குழந்தைகளின் தகப்பன்மார் மூன்று பேர். 1990 டிசம்பரில் மூளையில் ரத்தக் கசிவு ஏற்பட்டு ஆண்ட்ரியா இறந்தபோது அவருக்கு வயது 29.

மூத்த மகளின் அப்பா பாகிஸ்தானி. வெள்ளைக்காரர்களே நிறைந்திருந்த ஒரு குடியிருப்பில் கலப்பினக் குழந்தையாக வளர்வது எப்படி இருந்திருக்கும் என்பதைப் படத்தில் அவர் குரலே சொல்கிறது. அம்மா போன பிறகு அவர் வாழ்க்கை போதைப்பொருளை நோக்கிச் சரிந்தது. இரண்டு வயது மகன், போதைப் பழக்கத்துக்குச் சிகிச்சையாகக் கொடுக்கப்படும் மெத்தடோன் என்ற மருந்து உள்ளே போய் இறந்தான். அந்த மரணத்துக்காக 2007-இல் அவருக்குச் சிறைத்தண்டனை கிடைத்தது.

ஆவணப்படத்தின் இயக்குநர் கிளையோ பார்னார்ட் இந்தக் கதைக்குள் வந்தபோது அங்கே ஏற்கெனவே பல பேர் வந்து போயிருந்தார்கள். ஆண்ட்ரியாவின் நாடகம், அதன் பிறகு சினிமா. 2000-இல் ஸ்டாஃபோர்ட்-கிளார்க்கும் ராபின் சோன்ஸும் பட்டர்ஷாவுக்குத் திரும்பிப் போய், அங்குள்ளவர்கள் பேசியதையே வசனமாக வைத்து ஒரு நாடகம் போட்டார்கள். அதில் இந்த மூத்த மகளின் பேச்சும் இடம்பெற்றது. ஒரே தெருவின் பேச்சை ஒவ்வொரு தலைமுறையிலும் யாராவது வந்து அள்ளிக்கொண்டு போயிருக்கிறார்கள். ஒவ்வொரு தடவையும் ஒரு நடிகர் வந்து, அந்த வார்த்தைகளைத் தன் வாயில் போட்டுக்கொண்டு, இதுதான் நிஜம் என்று காட்டியிருக்கிறார். நான்காவதாக வருகிறவர் என்ன செய்வது?

பார்னார்ட் இரண்டு ஆண்டுகள் குரலை மட்டும் பதிவு செய்தார், கேமரா இல்லாமல். அந்தப் பதிவுகளைத் தொகுத்து, கேட்கக்கூடிய ஒரு திரைக்கதையை முதலில் உருவாக்கிக்கொண்டார். நடிகர்கள் வந்தது அதற்குப் பிறகு. உண்மைக்கும் அதைத் திரும்பக் காட்டுவதற்கும் நடுவே ஓர் இடைவெளி இருக்கிறது, பார்க்கிறவர் அதை மறந்துவிடக் கூடாது என்பதுதான் இந்த முறைக்குப் பின்னால் இருந்த எண்ணம்.

தமிழ் சினிமா பார்த்து வளர்ந்த நமக்கு இது புதிதாகத் தோன்றாமல் போகலாம். பாட்டு என்றாலே நமக்கு இரவல் குரல்தான். பாட்டை முதலில் பதிவு செய்து, படப்பிடிப்பில் அதை ஓடவிட்டு, நடிகர் வாயசைக்க, நாம் அந்தக் குரலையும் முகத்தையும் ஒன்றாகவே நம்பிப் பழகிவிட்டோம். ஆனால் பாட்டில் தாளம் இருக்கிறது. எங்கே மூச்சு விட வேண்டும் என்று மெட்டு சொல்லிக் கொடுக்கிறது. பேச்சுக்கு அந்தத் துணை கிடையாது. தேம்பலுக்கும் தயக்கத்துக்கும் பாதியில் விழுங்கிய சொல்லுக்கும் எந்தத் தாளமும் இல்லை. இன்னொன்று, நம் பாட்டில் இரவல் என்பதை மறக்கடிக்கப் பார்க்கிறார்கள். இங்கே அதை ஞாபகப்படுத்திக்கொண்டே இருக்கிறார்கள்.

விர்க் அப்போது யார்

மஞ்சிந்தர் விர்க் முற்றிலும் புதியவர் இல்லை. 2007-இல் சேனல் 4 தொலைக்காட்சியில் வந்த ‘பிரிட்ஸ்’ என்ற இரண்டு பாகக் கதையில் முக்கிய வேடம் செய்திருந்தார். பிராட்ஃபோர்டைச் சேர்ந்த மருத்துவ மாணவியாக அவர் வந்தார், சகோதரனாக ரிஸ் அகமது. நிறையப் பேசி, கோபப்பட்டு, உடைந்துபோகிற பாத்திரம். அதாவது நடிகைக்கு எல்லா ஆயுதங்களும் கையில் கொடுக்கப்பட்ட வேடம். ஆனாலும் பெரிய திரையில் அவரை யாருக்கும் அவ்வளவாகத் தெரியாது. அது இந்தப் படத்துக்கு நல்லதாகவே போயிற்று. பிரபலமான முகம் ஒன்று வந்து உட்கார்ந்திருந்தால் நாம் அந்த முகத்தைத்தான் பார்த்திருப்போம், குரல் பின்னால் போயிருக்கும்.

வளர்ந்து வரும் ஒரு நடிகைக்கு இது எவ்வளவு பெரிய துணிச்சல் என்று யோசித்துப் பாருங்கள். நடிகர்கள் தங்கள் திறமையைக் காட்ட முதலில் கையில் எடுப்பது குரலைத்தான். ஏற்ற இறக்கம், வட்டார உச்சரிப்பு, எங்கே நிறுத்துவது, எங்கே வேகமாகப் போவது. பிராட்ஃபோர்ட் பேச்சை ஒரு நடிகை அச்சு அசலாகப் பேசிக் காட்டினால் விமர்சகர்கள் கைதட்டுவார்கள். இங்கே எதுவும் அவர் கையில் இல்லை. வேகம், நிறுத்தம், அழுத்தம் எல்லாமே இன்னொரு பெண் தன் வாழ்க்கையிலிருந்து ஏற்கெனவே முடிவு செய்து வைத்துவிட்டாள். நடிகை அதற்குள் வந்து உட்கார வேண்டும்.

இது எவ்வளவு கஷ்டம் என்று தெரிந்துகொள்ள நானே ஒரு முறை முயன்றேன். கோவில்பட்டியில் இருக்கும் என் அத்தை, தீப்பெட்டி ஆபீசுக்குப் பெட்டி ஒட்டிக் கொடுத்த நாட்களைப் பற்றிப் பேசியதை ஒரு தடவை போனில் பதிவு செய்து வைத்திருந்தேன். அதில் 40 விநாடியை மட்டும் வெட்டி எடுத்து, காதில் ஒலிக்கவிட்டு, கண்ணாடி முன்னால் உட்கார்ந்தேன். முதல் நாள் முழுக்க வார்த்தைகளின் பின்னாலேயே ஓடிக்கொண்டிருந்தேன். உதடு சரியாகச் சேர்ந்தது. ஆனாலும் பொய்யாக இருந்தது. எதனால் என்று இரண்டாம் நாள்தான் புரிந்தது. அத்தை ஒரு வாக்கியம் தொடங்குவதற்கு முன் மூச்சை இழுக்கிறார். நான் இழுக்கவில்லை. ‘அப்ப வந்து...’ என்று இழுக்கும் இடத்தில் அவர் எதையோ தேடுகிறார். எனக்கு அடுத்த வார்த்தை முன்னாலேயே தெரியும் என்பதால் நான் தேடவில்லை. 40 விநாடியில் ஒன்பது மூச்சு. அதில் மூன்று, வாக்கியத்தின் நடுவில், இருக்கவே கூடாத இடத்தில் வருகிறது. அந்த மூன்றும் பிடிபட எனக்கு நான்கு நாளானது.

விர்க் இதைப் படம் முழுவதும் செய்கிறார். அதுவும் குளோசப்பில், பல இடங்களில் நேராகக் கேமராவைப் பார்த்துக்கொண்டு. கண்ணை எங்கேயாவது திருப்பித் தப்பித்துக்கொள்ளவும் வழியில்லை. பிராட்ஃபோர்ட் இருக்கும் யார்க்‌ஷயர் பகுதியின் பேச்சில் சொற்களின் ஓரங்கள் தேய்ந்துபோகும், சின்னச் சின்ன எழுத்துகள் தொண்டையிலேயே நின்றுவிடும். காதுக்கு வராத அந்த எழுத்துகளையும் அவர் வாய் சொல்கிறது. அவர் தொண்டையைக் கவனியுங்கள். குரல் எச்சில் விழுங்கும் இடத்தில் அவரும் விழுங்குகிறார்.

எரியும் படுக்கை

படத்தில் தொடக்கத்திலேயே வரும் ஒரு நினைவு. குழந்தைகளாக இருந்தபோது படுக்கையறையில் தீப்பிடித்த சம்பவத்தை மூத்த மகளும் இளைய மகளும் சொல்கிறார்கள். இளைய மகளாக வருபவர் கிறிஸ்டின் பாட்டம்லி. சம்பவம் ஒன்றுதான், நினைவு ஒன்றில்லை. யாருடைய தவறு, அம்மா என்ன செய்தாள் என்பதில் இரண்டு பேரும் வேறு வேறு இடத்தில் நிற்கிறார்கள். இளையவளுக்கு அம்மா மேல் பாசம் அப்படியே இருக்கிறது. மூத்தவளுக்கு அந்த ஆறுதல் கிடைக்கவில்லை. திரையில் படுக்கை எரிகிறது.

சாதாரணமாக ஒரு சினிமாவில் இந்த இடத்தில் நடிகை பதறுவாள், அல்லது பழைய பயம் கண்ணில் தெரியும். விர்க் முகத்தில் அப்படி எதுவும் இல்லை. குரலில் என்ன இருக்கிறதோ அவ்வளவுதான் முகத்தில். அந்தக் குரல் சம்பவத்தைக் கிட்டத்தட்டச் சாதாரணமாக, பல முறை சொல்லிச் சொல்லி வழவழப்பான ஒரு கதையைப் போலச் சொல்கிறது. நடிகை அதற்கு மேல் ஒரு துளிகூடச் சேர்க்கவில்லை. தீ பக்கத்தில் இருக்கிறது, பேச்சு நிதானமாகப் போகிறது. பார்க்கிற எனக்குத்தான் வயிற்றைப் பிசைகிறது.

இன்னோர் இடம் இதைவிடக் கடினமானது. மற்ற இரண்டு குழந்தைகளை நேசிப்பதுபோல இவளை நேசிக்க முடியவில்லை என்று அம்மா யாரிடமோ சொன்னதை, சிறுமியாக இருந்தபோது தன் காதாலேயே கேட்டதாக மகள் சொல்கிறார். எந்த நடிகைக்கும் இது பெரிய தருணம். கண்ணீர் வரவழைத்தால் யாரும் குறை சொல்லப்போவதில்லை. ஆனால் அந்த வரியை மகளின் குரல் எப்படிச் சொல்கிறது என்று கேளுங்கள். அது புகார் சொல்லவில்லை. நடந்ததைச் சொல்லிவிட்டு அடுத்ததற்குப் போய்விடுகிறது. விர்க்கும் போய்விடுகிறார். முகத்தில் அந்த வாக்கியம் ஓர் அரை விநாடிகூடத் தங்குவதில்லை. அந்த வாக்கியத்தோடு ஒருத்தி எத்தனை வருஷம் வாழ்ந்திருந்தால் இப்படிச் சொல்ல முடியும் என்பது அந்த அரை விநாடி இல்லாமல் போனதில்தான் எனக்குத் தெரிந்தது.

நல்ல நடிப்பு என்றால் உள்ளே இருப்பதை வெளியே கொண்டுவருவது என்று நமக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். விர்க் செய்வதை நான் கேட்பது என்றுதான் சொல்வேன். திரையில் இருக்கும் முகம் பேசிக்கொண்டே, அதே நேரத்தில், தன் வாயிலிருந்து வரும் சொற்களைக் கேட்டுக்கொண்டும் இருக்கிறது. முதல் முறையாகக் கேட்பவளின் கவனம் அதில் இருக்கிறது. அதைப் பார்த்து நாமும் கேட்கத் தொடங்குகிறோம்.

குழந்தையின் மரணத்தைப் பற்றிய பகுதியை நான் காட்சி காட்சியாக விவரிக்கப் போவதில்லை. ஒன்று மட்டும் சொல்ல வேண்டும். அந்த இடத்தில் பார்வையாளரின் பரிவைச் சம்பாதித்துக் கொடுக்க விர்க் முயலவே இல்லை. அந்தப் பெண்ணைக் குற்றவாளி என்று காட்டுகிற கடுமையும் முகத்தில் இல்லை, பாவம் என்று கெஞ்சுகிற மென்மையும் இல்லை. தீர்ப்பு சொல்லும் வேலையை அவர் எடுத்துக்கொள்ளவில்லை. ஒரு நடிகைக்கு இந்த அடக்கம் எளிதில் வருவதில்லை. பார்க்கிறவர்கள் தன் பாத்திரத்தை விரும்ப வேண்டும் என்ற ஆசையை முதலில் கழற்றி வைக்க வேண்டும்.

புல்வெளியில் இன்னொரு நடிகை

இதே படத்தில் நேர் எதிரான வேலை ஒன்றை இன்னொரு இளம் நடிகை செய்கிறார். நடாலி கேவின், பிராட்ஃபோர்ட்காரர். ஆண்ட்ரியாவின் நாடகத்திலிருந்து சில காட்சிகளைப் பார்னார்ட் அந்தத் தெருவின் புல்வெளியிலேயே நடத்திப் படமாக்கினார். சுற்றிலும் அங்கே குடியிருக்கும் மக்கள் நின்று வேடிக்கை பார்க்கிறார்கள், குழந்தைகள் ஓடுகிறார்கள். நம் ஊர் தெருக்கூத்தில் பார்வையாளர் வட்டம் இருக்குமே, கிட்டத்தட்ட அப்படி. நடுவில் கேவின், தன் சொந்தக் குரலில், உரத்து, கெட்ட வார்த்தைகளோடு, மூச்சு வாங்க நாடகத்தில் வரும் அந்தப் பள்ளிப் பெண்ணின் வேடத்தை ஆடுகிறார்.

இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கும்போதுதான் விர்க் செய்வதன் தன்மை முழுதாகத் தெரிகிறது. கேவினுக்குக் காற்று இருக்கிறது, வெயில் இருக்கிறது, எதிரில் சண்டை போட ஆட்கள் இருக்கிறார்கள். அம்மா எழுதிய வசனத்துக்கு உடம்பு முழுவதும் கொடுத்து ஆடலாம். மகளின் குரலுக்கோ அறைகள்தான், அசையாத கேமராதான், தனிமைதான். அம்மா எழுத்தாளர் என்பதால் தன் வாழ்க்கையை வசனமாக்கி வெளியே தள்ள முடிந்தது. மகளுக்கு இருந்தது ஒரு ஒலிப்பதிவுக் கருவியும் கேட்க உட்கார்ந்த ஒருவரும் மட்டுமே.

எனக்கு இந்தப் படத்தில் ஒரு வருத்தமும் உண்டு. சில காட்சிகளின் வெளிச்சமும் சட்டகமும் அளவுக்கு மீறி அழகாக இருக்கின்றன. நடிகை அவ்வளவு சிக்கனமாக இருக்கும்போது கேமரா மட்டும் கொஞ்சம் தன்னைக் காட்டிக்கொள்வதுபோல எனக்குப் படுகிறது. அப்புறம் அந்தப் பழைய கேள்வி. முகத்தை மறைத்ததால் அந்த மகளுக்குப் பாதுகாப்புக் கிடைத்ததா, இல்லை அவருடைய துக்கம் மறுபடியும் ஒரு கலைப்பொருளானதா? என் எண்ணம் இது. பேசியது அவர்தான் என்பது கடைசி வரை அழியாமல் இருக்கிறது. 2000-இல் வந்த நாடகத்தில் நடிகர்கள் அவர் வார்த்தைகளை எடுத்துக்கொண்டார்கள், அவர் குரல் காணாமல் போயிற்று. இங்கே நடிகை தன் குரலைக் கொடுத்துவிட்டு அவர் குரலை அப்படியே விட்டுவைத்தார். அதனால் கணக்கு முழுதாக நேராகிவிட்டது என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் அந்தத் தெருவுக்கு வந்துபோனவர்களில் ஒருவராவது வாங்கியதைவிடக் கொடுத்தது தெரியும்படி நடந்துகொண்டார்.

பிறகு நடந்தவை

2010-இல் நியூயார்க்கின் டிரைபெக்கா விழாவில் சிறந்த புதிய ஆவணப்பட இயக்குநருக்கான விருது பார்னார்டுக்குக் கிடைத்தது. அதே ஆண்டு லண்டன் திரைப்பட விழாவிலும் அவருக்கு விருது. பிரிட்டிஷ் திரைப்பட அகாடமியின் பாஃப்டா விருதுகளில் அறிமுகப் படைப்புக்கான பிரிவில் பரிந்துரை. விர்க்கின் பெயர் பிரிட்டிஷ் சுயாதீனத் திரைப்பட விருதுகளில் நம்பிக்கைக்குரிய புதுமுகங்கள் பட்டியலில் வந்தது. விருது அவருக்குப் போகவில்லை. ஆனால் ஒரு வார்த்தைகூடச் சொந்தக் குரலில் பேசாத ஒருவரை நடிகர்கள் வரிசையில் நிறுத்தினார்கள் என்பதையே நான் பெரிதாக நினைக்கிறேன்.

விர்க் அதன் பிறகு தொலைக்காட்சியில் தொடர்ந்து நடித்தார். 2016 வாக்கில் ‘மிட்சோமர் மர்டர்ஸ்’ துப்பறியும் தொடரில் பிரேதப் பரிசோதனை செய்யும் மருத்துவராக வந்தபோது பரவலாகத் தெரிந்த முகமானார். அந்தத் தொடரின் நாயகன் நீல் டட்ஜன். அவரும் ‘தி ஆர்பர்’ படத்தில் இன்னொருவர் குரலுக்கு வாயசைத்தவர்தான். பார்னார்ட் பட்டர்ஷாவில் இருந்தபோது சந்தித்த சிறுவர்களிடமிருந்து அவருடைய அடுத்த படம் பிறந்தது, 2013-இல் வந்தது. இந்த வாயசைப்பு முறையும் அதோடு நின்றுவிடவில்லை. பார்வை இழந்த ஜான் ஹல் என்ற பேராசிரியர் கேசட்டுகளில் பேசி வைத்த குறிப்புகளை வைத்து 2016-இல் வந்த ஆவணப்படத்திலும் நடிகர்கள் அவர் குடும்பத்தின் குரல்களுக்கு வாயசைத்தார்கள்.

என் 40 விநாடியை ஒருவழியாகப் பதிவு செய்து, அடுத்த முறை கோவில்பட்டி போனபோது அத்தையிடம் காட்டினேன். போனைக் கண்ணருகே வைத்துப் பார்த்தார். முதலில் சிரித்தார். “என்னடா, என் வாயை எடுத்து நீ மாட்டிக்கிட்டியா?” என்றார். அப்புறம் இன்னொரு தடவை போடச் சொன்னார். பசை கையில் காய்ந்து தோல் உரிந்துபோவதைப் பற்றிச் சொல்லும் இடம் வந்தது. போனைக் கீழே வைத்தார்.

“அந்த இடத்துல நான் அழலையே. நீ ஏன் அழுற மாதிரி மூஞ்ச வெச்சிருக்க?”

என்னிடம் பதில் இல்லை. இன்னும் ஒரு தடவை எடுத்துக்கொண்டு வருகிறேன் அத்தை என்று சொல்லிவிட்டு வந்தேன். அன்றைக்கு ராத்திரி, அம்மா சொன்னதைக் காதால் கேட்டேன் என்று மகள் சொல்லும் அந்த இடத்தை மட்டும் ஒலியை நிறுத்திவிட்டுத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன்.